சேத்தாயி நின்ன வரிசை

சேத்தாயி வந்த அன்னைக்கு எங்க அளத்துல கீழ்ப்பாத்தி மிதிப்பு நடந்துக்கிட்டு இருந்துச்சு. மழைத்தண்ணி வடிஞ்சு, வண்டலை வாரி வரப்புல எறிஞ்சு, தை பொறந்த கையோட பாத்தித் தரைய மிதிச்சு இறுக்குதது தூத்துக்குடிப் பக்கத்து உப்பளத்துல எல்லா வருசமும் உள்ள வேலைதான். ஆம்பள பொம்பள எல்லாரும் வரிசையா நின்னு, பக்கத்தாள் தோள்ல கை போட்டு, குதிகால் முதல்ல விரல் பெறகுன்னு ஒரே அடியா மிதிச்சுக்கிட்டே போகணும், போயித் திரும்பி வரணும், போன தடத்த வாற மிதி அழிக்கணும், கடைசியில பாத்தி முழுக்க ஒத்தக் கால்தடம்கூட இல்லாம வழுவழுன்னு கெடக்கணும். தடம் இருந்தா அந்தக் குழியில சேறு தங்கி உப்பு கறுத்துப் போகும். அதனால எங்க ஆளுகளுக்கு மனுசன் மொகத்துக்கு முந்தி அவன் கால்தான் கண்ணுல படும். கல்யாணத்துக்குப் பொண்ணு பாக்கப் போனாலும் நாங்க காலத்தான் பாப்போம்.

கெழக்க, கடல்தண்ணி ஏறி எறங்குத சேத்துக் காட்டுக்குள்ள இருந்து அவ நடந்து வந்தா. எங்க நெஞ்சு உயரம் இருப்பா. மேலெல்லாம் தேங்கா நார் நெறத்துல முடி, கை ரெண்டும் முட்டங்கால் வரைக்கும் தொங்குது, நெத்தின்னு ஒண்ணு கெடையாது, புருவத்துக்கு மேல உடனே தலை பின்னால சாஞ்சு போகுது, வாய் முன்னால தள்ளிக்கிட்டு நிக்குது. ஆனா நிமிந்து வந்தா. வேகமும் இல்ல, தயக்கமும் இல்ல, காலை பஸ்ஸ விட்டுட்டு நடந்தே வேலைக்கு வாரவ மாதிரி வந்தா. வந்து வரப்புல நின்னு அவ எங்களப் பாத்தா, நாங்க அவ காலப் பாத்தோம். குரங்குக்குக் கால் பெருவிரல் மத்த விரல விட்டு விலகி நிக்கும். இவளுக்கு விரலோட விரலாச் சேந்து நேரா நின்னுச்சு, குதிகால் பதிஞ்சு, உள்ளங்கால் நடுவுல லேசா வளைஞ்சு, அஞ்சு விரலும் தரைய ஊணியிருந்துச்சு.

"நம்ம ஆளுதான்" அப்படின்னாரு வரிசைக் கடைசியில நின்ன மரியசிங்கம் அண்ணன்.

சரின்னு நாங்க மிதிக்க ஆரம்பிச்சோம். மிதிப்பு தொடங்கிட்டா நடுவுல நிறுத்தக் கூடாது, வெயில் ஏறுனா ஈரம் காஞ்சு தரை வெடிச்சிரும், வெடிச்ச பாத்தி அந்த வருசத்துக்கு நல்ல உப்பு தராது. யார் வந்தா என்ன, யார் போனா என்ன, எங்களுக்கு முதல்ல பாத்தி.

அவ வரப்புல இருந்து எறங்கி நேரா வரிசையோட தலைமாட்டுக்குப் போயி, தங்கபுஷ்பத்துக்கு முன்னால நின்னு, ரெண்டு கையையும் நீட்டுனா.

தங்கபுஷ்பத்தப் பத்திச் சொல்லணும். வரிசையில முதல் ஆள் அவ, ரெண்டாவது நான், எம் பேரு சண்முகக்கனி. அவ புருசன் கேரளாவுக்குத் தண்ணிக்குப் போர் போடுத வேலைக்குப் போயி அங்கேயே வேற குடும்பமாயிட்டான். அவனப் பத்தி இதுக்கு மேல பேசுத அளவுக்கு அவன் பெரிய ஆளும் கெடையாது. ஒரே மக, அபிஷா, எட்டு வயசு. பொறந்ததுல இருந்து ரெண்டு காலும் நிக்காது, வாய்க்கு மட்டும் ஒரு கொறையும் கெடையாது. முகாம்ல குடுத்த சக்கர நாற்காலி ரோட்டுல ஓடும், அளத்துச் சேத்துல ரெண்டடி நகராது. பள்ளிக்கூடத்துல, ஒண்ணுக்குப் போகணும்னா தூக்கிட்டுப் போக ஆள் இல்லன்னு திருப்பி அனுப்பிட்டாவ. வரப்புல கொடைய நட்டு உக்கார வச்சுப் பாத்தா. போன வருசம் சரிஞ்சு வாய்க்காலுக்குள்ள விழுந்து, எடுக்கும்போது பிள்ளைக்கு ஒதடு நீலமாயிருந்துச்சு. அன்னையில இருந்து தங்கம் பிள்ளையக் கீழ எறக்குததே இல்ல. சேலைத்துணியால இடுப்போட சேத்துக் கட்டிக்கிட்டே மிதிப்பா, கட்டிக்கிட்டே உப்பு வாருவா, பிள்ளை வளர வளர அவ ஒரு பக்கமாச் சாஞ்சுக்கிட்டே வந்தா.

பிள்ளைய நீங்க யாரும் கை மாத்தி வாங்கலையான்னு கேப்பீங்க. எங்க அளத்துல ஒரு முறை உண்டு: அடுத்தவ சுமைக்குக் கை நீட்டக் கூடாது. உப்புச் சட்டியோ, தண்ணிக் கொடமோ, பிள்ளையோ, எதுவானாலும் சரி. நீட்டிட்டா, இவளால முடியலன்னு ஊருக்கு முன்னால சொன்ன கணக்கு; முடியாதவ பேரக் கங்காணி மறுநா கூப்பிட மாட்டாரு. அதனால எங்களுக்குள்ள எவ்வளவுக்குப் பாசம் இருக்கோ அவ்வளவுக்குக் கையக் கட்டிக்கிட்டு நிப்போம். பக்கத்துல நிக்குதவளுக்கு மூச்சு வாங்குனா நாம வேற பக்கம் பாக்கணும், அதுதான் மரியாதை. எங்க அம்மை எனக்குச் சொன்னா, நான் எம் மகளுக்குச் சொன்னேன்.

இந்த வருசம் தங்கத்துக்கு அப்படி ஓட்டுததுக்கும் வழியில்லாமப் போச்சு. அளத்துக்குள்ள பிள்ளைக இருக்கக் கூடாதுன்னு மேல இருந்து ஆள் வந்து மொதலாளிட்டச் சொல்லிட்டுப் போக, மொதலாளி கங்காணி அய்யாக்குட்டி அண்ணாச்சிட்டச் சொல்ல, அண்ணாச்சி தங்கத்தக் கூப்பிட்டு, "பிள்ளைய ஒரு விடுதியில சேத்துட்டு வா. இல்லன்னா நீயும் வராத. எனக்கு வேற வழி தெரியல தாயி"ன்னுட்டாரு. மதுரைக்கு அங்கிட்டு ஒரு விடுதியில எடம் இருந்துச்சு. மிதிப்பு முடியுத சனிக்கிழம காலையில வண்டி வந்து கூட்டிட்டுப் போகும்னு பேச்சு. தங்கத்துக்கு அளத்த விட்டா வேற வேலை தெரியாது, பிள்ளைய விட்டா வேற மனுசரும் கெடையாது. அபிஷா அவ அம்மையப் பாத்து, "நான் போவ மாட்டேன். கொண்டு விட்டியன்னா அங்கன உள்ள எல்லாரையும் கடிச்சு வச்சிருவேன்"ன்னா. கடிப்பா. எனக்குத் தெரியும்.

இந்த நெலமையில ஒருத்தி வந்து கை நீட்டிக்கிட்டு நின்னா எப்படி இருக்கும்? தங்கத்துக்குச் சுருக்குன்னு வந்துட்டு. "போ அங்கிட்டு. என்னால முடியலன்னு உனக்கு எவ சொன்னா?"ன்னா. வந்தவளுக்கு நம்ம பேச்சும் தெரியாது, நம்ம முறையும் தெரியாது. நீட்டுன கைய மடக்கவே இல்ல. வரிசை போச்சு, அவளும் கூடவே போனா. வரிசை திரும்புச்சு, அவளும் திரும்புனா. ஒரு பாத்தி முடிச்சு நாங்க கஞ்சி குடிக்க உக்காந்தோம், அவ கைய நீட்டிக்கிட்டே நின்னா. கடைசியில அபிஷாதான், "யம்மா, பாவம், அவளுக்குக் கை வலிக்கும்லா"ன்னு சொல்லி, கட்டியிருந்த துணி முடிச்சத் தானே அவுத்து அந்தப் பக்கம் சாஞ்சா. வந்தவ பிள்ளைய வாங்கி இடுப்புல வச்சு, ஒரு கையால அணைச்சு, ஒரு தடவ மேல தூக்கிச் சரி பண்ணிக்கிட்டு, வரப்பு மேல நடக்க ஆரம்பிச்சா. எல்லா அம்மைமாரும் பண்ணுத அதே தூக்கு, அதே சரிபண்ணல். அதப் பாத்த பெறகு அவ யாரு என்னன்னு கேக்க எங்களுக்குத் தோணல.

கங்காணி பாத்துக்கிட்டு நின்னாரு. நாங்க எல்லாரும் கங்காணியப் பாத்தோம். "மனுசி கை நீட்டி வாங்குனாத்தான் அது முறை தப்புன பேச்சு"ன்னுட்டு அவரு மோட்டார் ரூமுக்குப் போயிட்டாரு.

சேத்துல இருந்து வந்ததுனால சேத்தாயின்னு பேரு வச்சது மரியசிங்கம் அண்ணன். அவ எங்கன இருந்து வந்தா, எப்படி வந்தான்னு ஒருத்தரும் மண்டையப் போட்டு ஒடைக்கல. அவளுக்கு என்ன உடுத்தக் குடுக்க, எங்கன படுக்க வைக்க, சாயங்காலம் மினிபஸ்ல ஏறுனா டிக்கெட் உண்டா கெடையாதாங்குததுதான் எங்களுக்குப் பெரும்பாடாப் போச்சு. சேலையச் சுத்திவிட்டா உரிஞ்சு எறிஞ்சா. நாங்க சேலைக்கு மேல வெயிலுக்குப் போடுத ஆம்பளச் சட்டையில ஒண்ணப் போட்டுவிட்டோம், அது பிடிச்சுப் போச்சு, கை மட்டும் நீளம் பத்தல. சோறு வேண்டாம், கருவாட்ட மோந்து பாத்துட்டுத் தள்ளி வச்சா, பொங்கலுக்கு வாங்குன பனங்கிழங்க நீட்டுனதும் அப்படியே பிடுங்கி உக்காந்து நாரு நாரா உரிச்சுத் தின்னா. சரி, கிழங்கு திங்குதவன்னு முடிவாச்சு. மரியசிங்கம் அண்ணன் அவள ஞாயித்துக்கிழம கோயிலுக்குக் கூட்டிட்டுப் போயி ஞானஸ்நானம் குடுக்கணும்னு நின்னு, கூட்டிட்டும் போனாரு. நான் விடுவனா, செவ்வாக்கிழம எங்க இசக்கியம்மன் கோயிலுக்குக் கூட்டிட்டுப் போனேன். ரெண்டு எடத்துலயும் அவ உக்காந்த மேனிக்குத் தூங்குனா. எங்க ரெண்டு பேர் சண்டையும் அதோட ஓஞ்சு போச்சு.

சங்கத்துல இருந்து ஒருத்தர் வந்து, இவ நெரந்தரமா தினக்கூலியான்னு கேட்டுட்டுப் போனாரு. டிவிக்காரவ ரெண்டு வண்டியில வந்து எறங்கி, அவ வரப்புல நடக்குதத எடுத்து, திரும்பி வாரத எடுத்து, பெறகு எங்ககிட்ட, "நடக்குறதத் தவிர வேற என்ன செய்யும்?"ன்னு கேட்டாவ. "அது போதாதா?"ன்னு அபிஷா சேத்தாயி இடுப்புல இருந்துக்கிட்டே கேட்டா. அவிய மத்தியானச் சாப்பாட்டுக்கு முந்தியே போயிட்டாவ.

ஹெலன் டீச்சர்தான் சாயங்காலம் பள்ளிக்கூடம் விட்டு ஸ்கூட்டர்ல நெதம் வந்தாவ. நடுநிலைப் பள்ளியில அறிவியல் எடுக்குதவிய. சேத்தாயி பக்கத்துல உக்காந்து, தொடாம, ரொம்ப நேரம் பாத்துக்கிட்டே இருந்துட்டு எங்களுக்குச் சொன்னாவ. "இவங்க நமக்கெல்லாம் ரொம்ப முந்தின ஆளுங்க. முப்பது லட்சம் வருசத்துக்கு முந்தி. மூளை நம்ம மூளையில மூணுல ஒரு பங்குதான் இருக்கும். ஆனா நடை வந்துட்டு பாருங்க. மொதல்ல நிமிந்து நடந்தாங்க, மூளை பெருத்தது ரொம்பப் பெறகு."

"அறிவு வாரதுக்கு முந்தியே வேலைக்கு வந்துட்டாளா? அப்ப எங்க சாதியேதான்"னேன் நான்.

டீச்சர் சிரிச்சாவ. ஏன் நிமிந்தாங்கங்குததுக்கு ஒரே முடிவான பதில் கெடையாதாம், ஆளாளுக்கு ஒண்ணு சொல்லுதாவளாம். உசந்த புல்லுக்கு மேல எட்டிப் பாக்க நிமிந்திருக்கலாம். குனிஞ்சு போனா முதுகு முழுக்க வெயில் படும், நிமிந்தா உச்சந்தலையோட போகும், அதுக்காக இருக்கலாம். இல்லன்னா கை ரெண்டும் காலியாகணும்னு, பிள்ளையவோ கிழங்கையோ தூக்கிட்டுப் போக நிமிந்திருக்கலாம். நிமிந்ததுக்குக் குடுத்த வெலை என்னன்னா இடுப்பு வலியும் கஷ்டமான பேறுகாலமும்னாவ. அவ்வளவுதான், மறுநா எங்க வரிசை தேர்தல் நேரம் மாதிரி மூணு கட்சியாப் பிரிஞ்சு போச்சு. கங்காணி வெயில் கட்சி, நாள் முழுக்கக் கொடை பிடிச்சுக்கிட்டு நிக்குதவரு வேற எந்தக் கட்சியில இருப்பாரு. அபிஷா எட்டிப் பாக்குத கட்சி. சேத்தாயி அவளத் தூக்கிக்கிட்டு வரப்பு மேட்டுல ஏறுனா தொறைமுகத்துக் கப்பலெல்லாம் தெரியுதுன்னு, எந்தக் கப்பல் வந்துச்சு எது போச்சுன்னு எங்களுக்கு மேல இருந்து சத்தம் குடுப்பா. மிச்சப் பேரு தூக்குத கட்சி. இடுப்பு வலி வந்த நேரமெல்லாம், "இந்தா, உன்னாலதாம்ட்டி"ன்னு சேத்தாயி முதுகுல ஒரு தட்டுத் தட்டுவோம். அவ கிழங்க உரிச்சுக்கிட்டே இருப்பா. தங்கம் மட்டும் எந்தக் கட்சியிலயும் சேரல. கட்டவுத்த இடுப்போட நின்னு மிதிக்கும்போது பிள்ளைய வச்சிருந்த கைய என்ன செய்யன்னு தெரியாம அந்தரத்துல வச்சிருப்பா, சனிக்கிழம பக்கத்துல வந்துக்கிட்டே இருந்துச்சு.

டீச்சருக்கு ஒரு ஆசை. சேத்தாயி காலடித் தடத்த ஈரத்தோட ஒண்ணு போட்டோ எடுக்கணும்னு. ஆனா வரப்பு காஞ்சு கெடக்கும், பாத்தி ஓரத்து ஈரத்துல விழுத அவ தடத்த எல்லாம் அவிய பள்ளிக்கூடம் விட்டு வாரதுக்குள்ள நாங்க மிதிச்சு அழிச்சிருப்போம். "ஒண்ணே ஒண்ண விட்டு வைக்கக் கூடாதா?"ன்னு கெஞ்சுனாவ. தடம் கெடந்தா பாத்தி மிதிக்கலன்னு அர்த்தம், யார் தடமா இருந்தா என்ன, முடியாது டீச்சர்னு சொல்லிட்டோம். பெறகு ரோட்டோரம் ஒரு வாளித் தண்ணிய ஊத்தி அதுல அவள நடக்க வச்சு எடுத்துக்கிட்டாவ.

மொதலாளி வியாழக்கிழம வந்தாரு. கறுப்புக் கண்ணாடியக் கழத்தி, சேத்தாயியச் சுத்தி ஒரு நடை நடந்து பாத்துட்டு, "இருந்துட்டுப் போகட்டும். இதப் பத்திச் சட்டத்துல ஒண்ணும் சொல்லல"ன்னாரு. எங்களுக்கெல்லாம் போன உசுரு வந்துச்சு. அவரு கண்ணாடியத் திரும்ப மாட்டிக்கிட்டு, "பிள்ளையப் பத்திச் சொல்லியிருக்கு. அந்தப் பிள்ள சனிக்கிழம போயிரணும்"ன்னுட்டு வண்டியில ஏறிட்டாரு. முப்பது லட்சம் வருசத்துக்கு அங்கிட்டு இருந்து, சட்டை போட்டும் போடாமலும், பேச்சு இல்லாம, கிழங்கத் தின்னுக்கிட்டு வந்த ஒருத்திக்கு எங்க அளத்துல எடம் இருந்துச்சு, சட்டை இருந்துச்சு, பேரு இருந்துச்சு, மினிபஸ்ல ஜன்னலோர சீட்டு இருந்துச்சு. இங்கனயே பொறந்து வளந்த எட்டு வயசுப் பிள்ளைக்கு இல்ல. எனக்கு அப்படி ஒரு ஆத்திரம் வந்துச்சு. யார் மேலன்னு தெரியாம அன்னைக்கு முழுக்க எம் புருசனத் திட்டிக்கிட்டு இருந்தேன்.

சனிக்கிழம காலையில தங்கம் மிதிக்க வரல. பிள்ளையோட துணிமணிய ஒரு கட்டப்பையில வச்சுக்கிட்டு ரோட்டோரம் வரப்பு முனையில போயி நின்னுக்கிட்டா. நாங்க கடைசிப் பாத்தியில எறங்கி வரிசை கட்டிட்டோம். சேத்தாயி எப்பவும் போல விடியும்போதே தங்கம் வீட்டு வாசல்ல போயிப் பிள்ளைய வாங்கிக்கிட்டு வந்தவ, அன்னைக்கு வரப்புல நடக்காம, பாத்திக்குள்ள எறங்கி, தலைமாட்டுல தங்கம் நிக்குத எடம் காலியாக் கெடந்துச்சுல்லா, அதுல வந்து நின்னு, ஒரு கைய எந் தோள்ல போட்டா. மிதிக்கவும் செஞ்சா. எங்களப் பாத்துப் பாத்துப் பழகியிருப்பா போல, குதிகால் முதல்ல, விரல் பெறகு. அவ இடுப்புல இருந்துக்கிட்டு அபிஷா கப்பல் பக்கம் பாக்காம ரோட்டையே பாத்துக்கிட்டு இருந்தா.

பாத்தி பாதி மிதிச்சிருப்போம், வெள்ளை வண்டி வந்து ரோட்டுல நின்னு ஹாரன் அடிச்சுச்சு. தங்கம் நின்ன எடத்துலயே நின்னா. வந்து பிள்ளைய வாங்க அவளுக்குக் கால் வரல. கங்காணி பாத்தாரு, கொடைய மடக்கி வரப்புல வச்சாரு, செருப்பக் கழத்துனாரு, நாங்க மிதிச்சு முடிச்ச தரை மேல தடம் பதிய நடந்து வந்து சேத்தாயி முன்னால நின்னு, "பிள்ளையக் குடு"ன்னாரு. கோபமாச் சொல்லல. அவருக்கும் அது நல்லா இல்லங்குதது மொகத்துலயே தெரிஞ்சுச்சு.

சேத்தாயி அவரப் பாத்தா. அவரு கை நீட்டல, இடுப்புல வச்சுக்கிட்டுத்தான் நின்னாரு. அவ இந்தப் பக்கம் திரும்பி, பிள்ளைய என்கிட்ட நீட்டுனா.

யோசிச்சு வாங்குனேன்னு சொன்னா பொய். என் கை தன்னால நீண்டுச்சு, பிள்ள என் இடுப்புக்கு வந்துட்டா. அடேயப்பா, அந்தக் கனம். இதத் தூக்கிக்கிட்டா தங்கம் இத்தன நாளும் என் பக்கத்துல நின்னு மிதிச்சா? கங்காணி எம் பக்கம் ரெண்டு எட்டு வச்சு, "கனி, அடுத்தவகிட்ட மாத்தாத. நீயும் முடியாதவளா ஆயிராத"ன்னாரு. நான் அந்தப் பக்கம் திரும்பி எனக்கு அடுத்தவகிட்ட நீட்டுனேன். அவளும் வாங்குனா. அவரு அவகிட்டப் போக, அவ அடுத்தவகிட்டக் குடுத்தா. அவரு நடக்க நடக்க பிள்ள இடுப்புக்கு இடுப்பு மாறி அவருக்கு ஒரு ஆள் முன்னாலயே போயிக்கிட்டு இருந்துச்சு, ஆம்பளையளும் வாங்குனாவ, பேறுகாலத்துக்கு அப்புறம் அன்னைக்குத்தான் வேலைக்கு வந்த சின்னப் பொண்ணும் வாங்குனா, ஒருத்தர் கால்கூட மிதிய நிறுத்தல, வாங்குதோம், மிதிக்கோம், குடுக்கோம், மிதிக்கோம், கங்காணி போற எடமெல்லாம் அவர் தடம் விழுது, வரிசை திரும்பி வந்து அத அழிக்குது. அபிஷாவுக்குச் சிரிப்பு வந்துட்டு. "சீக்கிரம், சீக்கிரம், வாராரு"ன்னு அவளே எங்கள வெரட்டுனா.

நாங்க எல்லாரும் பிள்ள யார்ட்ட இருக்கான்னே பாத்துக்கிட்டு இருந்ததுல ஒண்ணக் கவனிக்கல. தங்கம் வரப்புல நின்னதுனால அவ மட்டும் பாத்திருக்கா, பெறகு சொன்னா. சேத்தாயி வரிசைய விட்டு வெளிய வந்து, காலியாப் போன ரெண்டு கையையும் ஒரு தடவ பாத்துட்டு, கெழக்க சேத்துக் காட்டுப் பக்கம் நடந்து போனாளாம். ஓடல, திரும்பிப் பாக்கல. வேலை முடிஞ்சு போறவ நடைதானாம்.

வரிசை முடிஞ்சு போச்சு. கடைசியில மரியசிங்கம் அண்ணன். அவருக்கு அங்கிட்டு வாய்க்கால்தான் இருக்கு, ஆள் இல்ல. அவரு பிள்ளையக் கையில வச்சுக்கிட்டு எங்களப் பாத்தாரு, வாய்க்காலப் பாத்தாரு, மூச்சு வாங்க வந்து நின்ன கங்காணியப் பாத்தாரு. பாத்துட்டு, வேற வழியில்லாம, பிள்ளைய அவர்கிட்டயே நீட்டிட்டாரு.

அய்யாக்குட்டி அண்ணாச்சி வாங்கிட்டாரு. வாங்குன மறு நிமிசம் எங்க எல்லார் காலும் நின்னு போச்சு. எனக்குத் தெரிஞ்சு மிதிப்பு பாதியில நின்னது அன்னைக்கு ஒரு நாள்தான். வெயில் ஏறிக்கிட்டு இருந்துச்சு, பாத்தியோட அந்த ஓரம் லேசா வெளுக்க ஆரம்பிச்சுட்டு, ரோட்டுல வண்டி மறுபடியும் ஹாரன் அடிச்சுச்சு. வண்டிக்கும் அவருக்கும் நடுவுல ஒரு வரப்புதான். கட்டப்பையோட தங்கம் அதே எடத்துல நிக்கா. பிள்ளைய இடுப்புல வச்சுப் பழக்கமில்லாத மனுசன், முன்னால ஏந்திக்கிட்டு நின்னாரு, அவ சரிய ஆரம்பிச்சா.

"இன்னொரு கையையும் அடியில குடுங்க மாமா. வழுக்குது"ன்னா அபிஷா.

அவரு இன்னொரு கையையும் குடுத்தாரு. பிள்ள கழுத்தக் கட்டிக்கிட்டா. அவரு வரிசைய இந்த முனையில இருந்து அந்த முனை வரைக்கும் ஒரு தடவ பாத்தாரு. நாளைக்கு யார் பேரக் கூப்பிடாம விடுவாரு? எல்லார் சுமைக்கும் அடுத்த ஆள் கை நீண்டாச்சு. எல்லாரையும் விட்டா பாத்திய யாரு மிதிக்க? பெறகு அவர் கையும் இப்ப நீண்டுதானே இருக்கு. அவரு மனசுல என்ன ஓடுச்சுன்னு எனக்குத் தெரியாது, நான் பாத்தத மட்டும் சொல்லுதேன்: அந்த மனுசன் ரோட்டுப் பக்கம் திரும்பி, "தம்பி, வண்டியத் திருப்பிட்டுப் போங்க. மொதலாளிட்ட நான் பேசிக்கிடுதேன்"னு சத்தம் குடுத்தாரு.

வண்டிக்காரரு கொஞ்ச நேரம் நின்னு பாத்துட்டுப் போனாரு. தங்கம் பையக் கீழ போட்டுட்டு, வரப்புல இருந்து எறங்கி, சேத்துல விழுந்து எந்திரிச்சு ஓடி வந்து, ரெண்டு கையையும் நீட்டிக்கிட்டு, "குடுங்க அண்ணாச்சி"ன்னா.

அவரு குடுக்கல. பிள்ளைய ஒரு தடவ மேல தூக்கிச் சரி பண்ணிக்கிட்டாரு. "நீ போயி வரிசையில நில்லு தாயி, பாத்தி காயுது"ன்னாரு. பெறகு எங்களப் பாத்து, பேர் கூப்பிடுத அதே கொரல்ல கேட்டாரு.

"அடுத்து யாரு வாங்குதது?"